நூறு மீட்டருக்கு அப்பால் கடன்காரர்

சுண்டங்குறிச்சியில் ஒரு மனுஷர் பாதுகாப்பாக இருந்தே கெட்டுப்போனார் என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள். நம்ப வேண்டாம், கேட்டால் போதும்.

அந்த ஊர்ப் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் 'வெற்றிவேல் சவுண்ட் சர்வீஸ்' என்று ஒரு கடை. கல்யாணம், சடங்கு, கோயில் கொடை, கட்சிக் கூட்டம் எதுவானாலும் மைக்செட் அங்கிருந்துதான் போகும். முதலாளி மாசிலாமணி. கூட இருப்பவர்கள் அய்யாக்கண்ணுவும் இசக்கியும். மூன்று பேருக்கும் சேர்த்து மூளை ஒன்று, அதையும் ரிப்பேருக்குக் கொடுத்திருக்கிறார்கள் என்று ஊரில் ஒரு பேச்சு உண்டு. அது அநியாயப் பேச்சு. அவர்கள் சொன்னதைச் சொன்னபடி செய்கிறவர்கள், அவ்வளவுதான்.

போன கொடைக்கு வில்லுப்பாட்டு நடந்துகொண்டிருந்தபோது கூட்டத்தில் யாரோ, "சவுண்டைக் கூட்டுப்பா" என்று கத்தினார்கள். இசக்கி விளக்குமாற்றை எடுத்துவந்து ஸ்பீக்கர் பெட்டியைச் சுற்றிக் கூட்டினான். "இன்னும் கூட்டு" என்றார்கள். மேடைக்குப் பின்னாலும் போய்க் கூட்டினான். அன்றைக்கு வில்லுப்பாட்டு ஒருத்தர் காதிலும் விழவில்லை, ஆனால் கோயில் வாசல் துடைத்துவிட்ட மாதிரி சுத்தமாக இருந்தது.

மாசிலாமணிக்கு ஒரே மகள், பூங்கோதை. தாயில்லாத பிள்ளை. பக்கத்து ஊர்த் தபால் ஆபீஸில் வேலை பார்க்கிறாள். அவள் கல்யாணத்துக்கு என்று பதினைந்து வருஷமாக ஊரூராகக் குழாய் ஸ்பீக்கர் கட்டிச் சேர்த்த பணம் மூன்று லட்சம் மாசிலாமணியிடம் இருந்தது. இருந்தது என்றால், இருந்த பணத்தைக் கடலைமிட்டாய்க் கம்பெனி கொம்பையா வந்து வாங்கிக்கொண்டு போய்விட்டார். வெல்லம் விலை இறங்கிக் கிடக்கிறது, மொத்தமாக வாங்கிப் போட்டால் கொள்ளை லாபம், மூன்றே மாசத்தில் திருப்பிவிடுகிறேன் என்றார். மூன்று வருஷம் ஆயிற்று. வெல்லம் மிட்டாயாகி, மிட்டாய் விற்றுக் காசாகி, அந்தக் காசு கொம்பையா வீட்டுக்கு மாடியாகவும் ஆகிவிட்டது.

மாசிலாமணி தினமும் காலையில் கம்பெனிக்குப் போவார். கொம்பையா எழுந்து நின்று கும்பிடுவார். "நாளைக்கு வாங்க அண்ணாச்சி" என்று சொல்லிக் கையில் ஒரு கடலைமிட்டாயைக் கொடுப்பார். மாசிலாமணி அதைச் சப்பிக்கொண்டே திரும்பி வருவார். மனுஷன் சொன்ன சொல் மாறாதவர், நேற்றுச் சொன்னதைத்தான் இன்றைக்கும் சொல்கிறார் என்று கடையில் பெருமையாகவும் பேசுவார்.

இந்த நிலைமையில் பூங்கோதைக்கு நல்ல இடத்தில் மாப்பிள்ளை அமைந்து, வைகாசியில் முகூர்த்தமும் குறித்தாயிற்று. பெற்ற பிள்ளைக்கு ஒரு பவுன் தாலிகூட வாங்கிப் போட முடியாமல் நிற்பதா என்று நினைத்து நினைத்து மாசிலாமணிக்குச் சோறு இறங்கவில்லை. பூங்கோதை, ஒரு நல்ல வக்கீலைப் பாருங்கப்பா என்றாள். ஊரில் நல்ல வக்கீல்கள் இரண்டு பேர் இருந்தார்கள். இவர்கள் மூன்றாவது ஆளிடம் போனார்கள்.

வக்கீல் சடகோபன் முழுக்கதையையும் கண்ணை மூடிக் கேட்டார். பணத்துக்கு வழக்குப் போட்டால் உங்கள் பேத்தி கல்யாணத்துக்குத்தான் கைக்கு வரும் என்றார். போலீசில் போய்ச் சொன்னால் இது கொடுக்கல் வாங்கல், எங்களுக்குச் சம்பந்தமில்லை என்று அனுப்பிவிடுவார்கள் என்றார். பிறகு கண்ணைத் திறந்தார்.

"ஒரு குறுக்கு வழி இருக்கு. பணம்னே பேசக் கூடாது. கடன்காரரால உயிருக்கு ஆபத்து, போலீஸ் பாதுகாப்பு வேணும்னு பெரிய கோர்ட்டுல ஒரு மனு. ஆர்டர் வந்துரும். போலீசைப் பக்கத்துல வச்சுக்கிட்டுக் கொம்பையா வீட்டு முன்னால போய் நின்னு ரெண்டு தடவை இருமினாப் போதும். பணம் தன்னால வரும். இப்ப எல்லாரும் இப்படித்தான் செய்யுதாங்க."

மாசிலாமணிக்கு இது பிடித்துவிட்டது. அங்கேயே இரண்டு தடவை இருமிக் காட்டி, இந்த இருமல் போதுமா என்று கேட்டார். வக்கீல், இன்னும் கொஞ்சம் கனமா இருக்கணும் என்றார்.

"சரி, உயிருக்கு ஆபத்து இருக்குல்லா?" என்று கேட்டார் வக்கீல்.

"இல்லையே சார். போற நேரமெல்லாம் மிட்டாய் குடுக்காரு."

"ஆபத்து வேணும் ஓய். ஆபத்தில்லாம பாதுகாப்பு எப்படிக் குடுப்பான்? ஏதாவது மிரட்டல் இருக்கணும். போய் அதுக்கு ஒரு வழி பண்ணிட்டு வாங்க."

வழி பண்ணச் சொன்னால் பண்ணுகிறவர்கள்தானே. மூன்று பேரும் நேரே கொம்பையாவிடம் போனார்கள். அய்யாக்கண்ணுதான் பேச்சை எடுத்தார். பெரிய விஷயங்களை எப்போதும் அவர்தான் எடுப்பார்.

"அண்ணாச்சி, மாசிலாமணியைக் கொஞ்சம் மிரட்டித் தரணும். கோர்ட்டுக்குக் கேக்காங்க."

கொம்பையா யோசித்தார். "இதுல எனக்குச் செலவு ஏதும் உண்டா?"

"ஒரு செலவும் கிடையாது. வாயால மிரட்டினாப் போதும்."

"அதுக்கென்ன, தாராளமா மிரட்டுதேன்" என்றார் கொம்பையா.

பதிவு செய்ய இசக்கி மைக்கைப் பிடித்துக்கொண்டான். முதல் தடவை கொம்பையாவுக்குக் குரல் சரியாக எழும்பவில்லை. இரண்டாம் தடவை இடையில் சிரிப்பு வந்துவிட்டது. மூன்றாம் தடவை, "ஒன் டூ த்ரீ, மைக் டெஸ்ட்டிங், ஏ மாசிலாமணி, உன்னைக் கொன்னுபோடுவேன்" என்று கணீரென்று வந்தது. மாசிலாமணிக்கே உடம்பு சிலிர்த்துப் போயிற்று. அண்ணாச்சி இவ்வளவு ஒத்தாசை செய்கிறாரே என்று நெகிழ்ந்து கையைப் பிடித்துக்கொண்டார். கொம்பையா ஆளுக்கு ஒரு மிட்டாய் கொடுத்து அனுப்பினார்.

வக்கீல் மனு எழுதினார். அதில் கொம்பையா பெயரைப் போடாமல் 'கடன்காரர்' என்று பொதுவாகப் போட்டார். அது அவருடைய தொழில் சூட்சுமம். நம் ஊரில் கடன் கொடுத்தவனும் கடன்காரன்தான், வாங்கினவனும் கடன்காரன்தான். வாசலில் வந்து நின்று கத்துகிறவனையும் கடன்காரன் என்போம், பின்வாசல் வழியாக ஓடுகிறவனையும் கடன்காரப் பயல் என்போம். அந்த ஒரு வார்த்தையைப் போட்டு வைத்தால் அதே மனுவை எந்தப் பக்கத்துக்காரன் வந்தாலும் மேலே பெயரை மட்டும் மாற்றிக் கொடுத்துவிடலாம். வக்கீல் சடகோபன் அந்த வருஷம் அப்படி முப்பது மனு கொடுத்திருந்தார்.

ஆர்டர் வந்தது. நாலே வரி. மனுதாரரின் உயிருக்குத் தக்க போலீஸ் பாதுகாப்பு தரப்பட வேண்டும். கடன்காரர் எவரும் மனுதாரரையோ அவர் வீட்டையோ நூறு மீட்டருக்குள் நெருங்கக் கூடாது. பாதுகாப்புக்கு ஆகும் செலவை மனுதாரரே போலீசுக்குக் கட்ட வேண்டும். பணத் தகராறு பற்றி இந்தக் கோர்ட்டு எதுவும் சொல்லவில்லை.

கடைசி வரிக்கு என்ன அர்த்தம் என்று மூன்று பேரும் உட்கார்ந்து வெகுநேரம் ஆலோசித்தார்கள். கோர்ட்டே எதுவும் சொல்லவில்லை என்றால், பணத்தை உடனே கொடுத்துவிட வேண்டும் என்பதில் கோர்ட்டுக்கு ஒரு ஆட்சேபணையும் இல்லை என்றுதான் அர்த்தம் என அய்யாக்கண்ணு விளக்கினார். மாசிலாமணி சந்தோஷத்தில் ஊர் முழுக்க இருமிக்கொண்டே நடந்தார்.

மறுநாள் காலையில் ஏட்டு பலவேசம் வந்து சேர்ந்தார். நல்ல மனுஷர். இருபத்தெட்டு வருஷ சர்வீஸில் ஒரு தவறும் செய்யாதவர், ஏனென்றால் எழுத்தில் இல்லாத எதையும் அவர் செய்ததில்லை. ஆர்டரை நெஞ்சுப் பையில் மடித்து வைத்திருந்தார். வந்ததும் வராததுமாக இஞ்சி டேப்பை எடுத்து மாசிலாமணி வீட்டு வாசற்படியிலிருந்து அளக்க ஆரம்பித்தார். நூறு மீட்டர் மாவு மில் வாசலில் போய் முடிந்தது. அங்கே சுண்ணாம்பால் குறுக்கே ஒரு கோடு போட்டார்.

மாசிலாமணி குளித்து, வேட்டி மாற்றி, தொண்டையைச் செருமிக்கொண்டு வந்து நின்றார். "ஏட்டையா, வாங்க, கொம்பையா வீட்டுக்குப் போவோம்."

"எதுக்கு அண்ணாச்சி?"

"இருமிட்டு வரணும்."

ஏட்டையா ஆர்டரை எடுத்துப் படித்தார். கடன்காரர் உங்களை நூறு மீட்டருக்குள் நெருங்கக் கூடாது, நீங்கள் அவர் வீட்டுக்குப் போனால் அவர் உங்களுக்குப் பக்கத்தில் வந்த மாதிரி ஆகிவிடும், அது கோர்ட்டு அவமதிப்பு என்றார். அப்படியானால் பணத்தை எப்படி வாங்குவது என்று மாசிலாமணி கேட்டார். ஆர்டரில் பணம் வாங்குவது பற்றி எழுத்து இல்லையே என்றார் ஏட்டையா. இல்லைதான்.

சரி, இங்கிருந்தே இருமுகிறேன் என்று மாசிலாமணி வீட்டிலிருந்து இருமிப் பார்த்தார். பிறகு இசக்கி மொட்டை மாடியில் குழாயைக் கட்டினான், மைக்கில் இருமினார். மாவு மில் வரைக்கும் கேட்டது. எதிர்வீட்டுக்காரர் வந்து இருமல் மருந்து கொடுத்துவிட்டுப் போனார்.

கொம்பையாவுக்கு ஆர்டர் விஷயம் காதுக்கு எட்டியது. முதலில் பயந்தவர், நாலு வரியையும் யாரையோ விட்டு வாசிக்கச் சொல்லிக் கேட்டார். கேட்டுவிட்டு அன்று முழுவதும் தனியாகச் சிரித்துக்கொண்டிருந்ததாகக் கம்பெனியில் வேலை பார்க்கிறவர்கள் சொன்னார்கள். மறுநாள் காலையிலிருந்து ஒரு மஞ்சப் பையோடு வந்து சுண்ணாம்புக் கோட்டுக்கு அந்தப் பக்கம் நிற்க ஆரம்பித்தார்.

"மாசிலாமணி அண்ணாச்சி, மூணு லட்சத்தையும் கொண்டாந்திருக்கேன். ஏட்டையா விட மாட்டேங்காரே" என்று போகிற வருகிற எல்லாருக்கும் கேட்கும்படி சொல்வார். கண்ணைத் துடைத்துக்கொள்வார். பத்து மணிக்குப் பையை எடுத்துக்கொண்டு கம்பெனிக்குப் போய்விடுவார். மூன்று வருஷம் ஏமாற்றினவன் என்று பேசின ஊர், அடடா, கொடுக்க வந்த மனுஷனை இப்படித் தெருவில் நிறுத்தி வைத்திருக்கிறானே இந்த மாசிலாமணி என்று பேச்சை மாற்றிக்கொண்டது. பைக்குள் பணம் இருந்ததா மிட்டாய் இருந்ததா என்று ஒருத்தரும் பார்க்கவில்லை. நானும் பார்க்கவில்லை, ஆனால் பையை எறும்பு மொய்த்தது.

அய்யாக்கண்ணு ஒரு யோசனை சொன்னார். கொம்பையாதானே வரக் கூடாது, பையை நான் வாங்கிக்கொண்டு வருகிறேன் என்றார். ஏட்டையா இதைக் கொஞ்ச நேரம் தலையைச் சாய்த்து யோசித்தார்.

"பை உங்க கைக்கு வந்துட்டா, மாசிலாமணிக்குச் சேர வேண்டிய பணம் யார்கிட்ட இருக்கும்?"

"என்கிட்ட."

"அவருக்குக் குடுக்க வேண்டிய பணத்தை வச்சிருக்கவன் யாரு?"

"கடன்காரன்" என்று சொல்லிவிட்டு அய்யாக்கண்ணு திடுக்கிட்டுப் போனார். நல்ல வேளை, ஒரு குற்றத்திலிருந்து தப்பித்தோம் என்று ஏட்டையாவைக் கும்பிட்டார். கொம்பையாவும் கோட்டுக்கு அந்தப் பக்கம் நின்று, சட்டம்னா சட்டம்தான் என்று தலையை ஆட்டினார்.

போனில் அனுப்பலாமே என்று பூங்கோதை கேட்டாள். கேட்டவள் அவள் ஒருத்திதான். ஏட்டையா அதற்கும் பதில் வைத்திருந்தார். பணம் வந்ததும் போன் 'டிங்' என்று அடிக்கும், கடன்காரர் பெயர் அதில் தெரியும், அந்தப் பெயர் மனுதாரர் கைக்குள்ளேயே வந்து நிற்கும், நூறு மீட்டர் எங்கே, உள்ளங்கை எங்கே என்றார். மாசிலாமணி பயந்துபோய்ப் போனை அணைத்து அரிசிப் பானைக்குள் போட்டுவிட்டார். பாங்கியில் போட்டால் என்ன என்றாள் அவள். பாங்கி மாசிலாமணி வீட்டிலிருந்து எண்பது மீட்டரில் இருந்தது. பூங்கோதை இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

இதற்குள் ஏட்டையா ஆர்டரை மறுபடியும் படித்து, 'கடன்காரர் எவரும்' என்ற சொல்லைக் கவனித்துவிட்டார். எவரும் என்றால் எவரும். அன்றிலிருந்து கோட்டில் நின்று ஒவ்வொருத்தரையும் விசாரித்தார். பால்காரருக்கு மாசிலாமணி பாக்கி தர வேண்டியிருந்தது, அவரும் கடன்காரர், நிறுத்திவிட்டார். பலசரக்குக் கடைக்காரரும் அதே மாதிரி நின்றார். கொடைக்கு மைக்செட் எடுத்து வாடகை தராத கோயில் தர்மகர்த்தா பத்திரிகை கொடுக்க வந்தார், அவரும் நின்றார். அடுத்து ஏட்டையா அய்யாக்கண்ணுவிடம், நீங்கள் மாசிலாமணியிடம் ஏதும் கைமாற்று வாங்கியிருக்கிறீர்களா என்று கேட்டார். அய்யாக்கண்ணு பொய் சொல்லத் தெரியாதவர். செருப்பு வாங்க இருநூறு ரூபாய் என்றார். அவரும் கோட்டுக்கு அந்தப் பக்கம் போய்க் கொம்பையா பக்கத்தில் நின்றுகொண்டார்.

மிஞ்சியவன் இசக்கி. அவன் யாரிடமும் கடன் வாங்கினதுமில்லை, அவனை நம்பி யாரும் கடன் கொடுத்ததுமில்லை. அதனால் அவன் மட்டும் வீட்டுக்கும் கோட்டுக்கும் நடந்துகொண்டிருந்தான்.

கல்யாணத்துக்கு நாலு நாள் இருக்கும்போது மாசிலாமணி மகளுக்கு முன்னால் உட்கார்ந்து அழுதேவிட்டார். தாலிக்குப் பவுன் இல்லை, பந்திக்கு அரிசி இல்லை, அரிசிக்காரர் கோட்டில் நிற்கிறார் என்றார். பூங்கோதை அவர் கண்ணைத் துடைத்துவிட்டாள். சாமான் எல்லாம் மாப்பிள்ளை வீட்டார் பார்த்துக்கொள்வார்கள், மஞ்சக் கயிறே போதும் என்று சொல்லிவிட்டேன், பந்தல் நம் வாசலிலேயே போட்டுவிடலாம் என்றாள்.

"பணம் போனாப் போவட்டும்ப்பா. அம்மாவும் இல்ல. தாலி கட்டும்போது நீங்க என் பக்கத்துல நிக்கணும். எனக்கு அது ஒண்ணுதான் வேணும்."

"நிப்பேன் தாயி. போலீசோட நிப்பேன்" என்றார் மாசிலாமணி.

முகூர்த்த நாள் வந்தது. பந்தல் போட்டாயிற்று, குழாய் கட்டியாயிற்று, மேளக்காரர் கோட்டைத் தாண்டி வர அனுமதி பெற்றாயிற்று. அவருக்கு முன்பணம் முழுவதும் மாப்பிள்ளை வீட்டார் கொடுத்திருந்ததால் தப்பித்தார். மாசிலாமணி பட்டு வேட்டியும் சந்தனமுமாக வாசலில் நின்று வருகிறவர்களைக் கும்பிட்டுக்கொண்டிருந்தார். அப்போது ஸ்டேஷனிலிருந்து ஒரு போலீஸ்காரர் சைக்கிளில் வந்து ஏட்டையா கையில் ஒரு காகிதத்தைக் கொடுத்துவிட்டுப் போனார்.

ஏட்டையா படித்தார். முகம் வாடிப்போயிற்று. இன்னொரு தடவை படித்தார். பிறகு மாசிலாமணியின் பக்கத்தில் வந்து தொப்பியைக் கழற்றினார்.

"அண்ணாச்சி, நாப்பத்திரண்டு நாள் பாதுகாப்புக்கு நீங்க ஒரு பைசா கட்டலையாமே."

"கொம்பையா குடுத்ததும் கட்டலாம்னு இருந்தேன் ஏட்டையா."

"அப்ப நீங்க இப்ப போலீசுக்குப் பாக்கி."

"ஆமா."

"பாக்கி வச்சிருக்கவங்களை என்ன சொல்லுவோம்?"

மாசிலாமணிக்குச் சொல்ல மனம் வரவில்லை. ஆனால் நேர்மையான மனுஷர். "கடன்காரர்" என்றார்.

ஏட்டையா கண்கலங்கினார். இருபத்தெட்டு வருஷத்தில் இப்படி ஒரு கஷ்டமான டூட்டி பார்த்ததில்லை என்றார். கடன்காரர் எவரும் மனுதாரர் வீட்டை நூறு மீட்டருக்குள் நெருங்கக் கூடாது, என்னை மன்னித்துக்கொள்ளுங்கள் அண்ணாச்சி என்று சொல்லி, மாசிலாமணியின் கையை மெல்லப் பிடித்து, பந்தலைத் தாண்டி, தெருவைத் தாண்டி, மாவு மில் வாசலுக்குக் கூட்டிக்கொண்டு போய்ச் சுண்ணாம்புக் கோட்டுக்கு அந்தப் பக்கம் நிறுத்தினார். மாசிலாமணியும் தகராறு பண்ணவில்லை. சட்டத்தை மதிக்கிறவர்.

அங்கே கொம்பையா மஞ்சப் பையோடு நின்றுகொண்டிருந்தார். இடையில் கோடும் இல்லை, ஏட்டையாவும் இல்லை. ஒரு முழத் தூரத்தில் நேருக்கு நேர். மூன்று வருஷத்தில் அன்றைக்குத்தான் கொம்பையா உண்மையாகப் பயந்தார்.

"அப்ப இப்பக் குடுங்க அண்ணாச்சி" என்று மாசிலாமணி கையை நீட்டினார்.

கொம்பையா பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு ஏட்டையாவைப் பார்த்தார். "ஏட்டையா, நான் மனுதாரருக்குத்தானே குடுக்கணும்? இங்க நிக்கவரு கடன்காரர்லா? ஒரு கடன்காரன் இன்னொரு கடன்காரனுக்கு எப்படிக் குடுக்கது?"

ஏட்டையாவுக்கு அது நியாயமாகப் பட்டது. பணத்தை மனுதாரரிடம்தான் கொடுக்க வேண்டும், மனுதாரர் கோட்டுக்கு உள்ளே இருப்பார், அவரைக் கூப்பிட்டுக் கேட்போம் என்றார். மாசிலாமணிக்கும் அதுதான் சரி என்று தோன்றியது. இசக்கியைக் கூப்பிட்டு, "ஏ இசக்கி, ஓடிப் போய் மாசிலாமணியைக் கூட்டிட்டு வா, பணம் ரெடியா இருக்குன்னு சொல்லு" என்று அவரே அனுப்பினார்.

இசக்கி ஓடினான். பந்தலில் பார்த்தான், அடுப்படியில் பார்த்தான், கட்டிலுக்கு அடியில் குனிந்து பார்த்தான், அரிசிப் பானையைக்கூடத் திறந்து பார்த்தான். மூச்சு வாங்கத் திரும்பி வந்தான்.

"அண்ணாச்சி, மாசிலாமணி அண்ணாச்சியை வீட்டுல காணும். பொண்ணே அப்பா எங்க, அப்பா எங்கன்னு தேடுது."

எல்லோருக்கும் தூக்கிவாரிப் போட்டது. இப்போதுதானே வாசலில் நின்று கும்பிட்டுக்கொண்டிருந்தான், நான் பார்த்தேனே என்றார் மாசிலாமணி. அய்யாக்கண்ணு, நானும் இங்கிருந்து பார்த்தேன், பட்டு வேட்டி கட்டியிருந்தான் என்றார். ஏட்டையா வியர்த்துப்போய் மாவு மில் படியில் உட்கார்ந்துவிட்டார். நாற்பத்திரண்டு நாள் கண்ணை இமை காப்பதுபோல் காத்த மனுதாரர், ஏட்டையா கோட்டுப் பக்கம் வந்த அந்த ஐந்து நிமிஷத்தில் காணாமல் போய்விட்டார். வேலை போய்விடும். மாசிலாமணிதான் அவருக்குத் தண்ணீர் வாங்கிக் கொடுத்து, கிடைத்துவிடுவான், பயப்படாதீர்கள் என்று தேற்றினார்.

அந்த நேரத்தில் குழாயில் கெட்டிமேளம் கேட்டது. அவருடைய சொந்தக் குழாய். நூறு மீட்டருக்கு ஒரு பிசிறில்லாமல் கேட்டது. மாசிலாமணி இரண்டு கையையும் கூப்பிக்கொண்டு பந்தல் பக்கம் திரும்பி நின்றார். கண்ணீர் தாரை தாரையாக ஓடியது.

"மாசிலாமணி மட்டும் இப்ப இருந்திருந்தா எவ்வளவு சந்தோஷப்பட்டிருப்பான்" என்றார்.

கொம்பையாவே ஒரு நிமிஷம் தலையைக் குனிந்துகொண்டார்.

கொஞ்ச நேரத்தில் பூங்கோதை மாலையும் கழுத்துமாக மாப்பிள்ளையைக் கூட்டிக்கொண்டு கோட்டைத் தாண்டி வந்தாள். அழுது அழுது மூக்கு சிவந்திருந்தது. அப்பா காலில் விழுந்தாள். மாசிலாமணி பதறிப்போய் இரண்டு அடி பின்னால் நகர்ந்தார்.

"வேண்டாம் தாயி, நான் கடன்காரன். உங்கப்பா வந்துருவாரு, அவரு ஆசீர்வாதம் பண்ணுவாரு."

"ஏட்டையா, இவருதானே எங்கப்பா?" என்று பூங்கோதை கேட்டாள்.

ஏட்டையா ஆர்டரை எடுத்து நாலு வரியையும் மேலும் கீழும் தேடினார். அப்பா யார் என்று எதுவும் எழுத்தில் இல்லை என்றார். பூங்கோதை அப்பாவின் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு அவர் கையை அவளே எடுத்துத் தன் தலையில் ஒரு தடவை வைத்துக்கொண்டு மாப்பிள்ளை வீட்டுக்குப் புறப்பட்டுப் போய்விட்டாள்.

அன்று மத்தியானமே எல்லோரும் வக்கீல் சடகோபனிடம் ஓடினார்கள். அவர் ஒன்றுக்கும் அசரவில்லை. ஆள் காணாமல் போனால் அதற்கு ஆட்கொணர்வு மனு என்று ஒன்று இருக்கிறது, பீஸ் மட்டும் கொஞ்சம் அதிகம் என்றார். மனுவில் யார் கையெழுத்துப் போடுவது என்று கேள்வி வந்தது. காணாமல் போனவருக்கு நெருங்கினவராக இருக்க வேண்டுமாம். மாசிலாமணியைவிட மாசிலாமணிக்கு நெருக்கமானவர் யார் என்று அய்யாக்கண்ணு கேட்டார். மாசிலாமணி கையெழுத்துப் போட்டார்.

ஒரு மாசம் தேடினார்கள். ஏட்டையா போட்டோவைக் கையில் வைத்துக்கொண்டு ஊரூராகப் போனார், அடையாளம் காட்ட மாசிலாமணி கூடவே போனார். போட்டோவைப் பார்த்தவர்கள் எல்லாம், இது நீங்கதானே என்றார்கள். எல்லாரும் அப்படித்தான் சொல்லுதாங்க, ஜாடை அப்படி என்று மாசிலாமணி பெருமூச்சு விடுவார். தினமும் காலையில் மாவு மில் வாசலில் வந்து நின்றுவிட்டுத்தான் தேடப் போவார், இரவில் கடையிலேயே படுத்துக்கொண்டார், வீட்டுக்குத்தான் போக முடியாதே.

கடைசியில் அய்யாக்கண்ணுவின் யோசனைப்படி போஸ்டர் அடித்து ஒட்டினார்கள். மாசிலாமணியைக் கண்டுபிடித்துத் தருபவருக்கு மூன்று லட்சம் ரூபாய் பரிசு, பணத்தைக் கொம்பையா கடலைமிட்டாய்க் கம்பெனியில் பெற்றுக்கொள்ளலாம் என்று அதில் இருந்தது. மாசிலாமணிக்கு வேறு பணம் ஏது?

போஸ்டர் ஒட்டின அன்று காலை கொம்பையா மாவு மில் வாசலுக்கு வந்தார். போஸ்டரை எழுத்துக்கூட்டி இரண்டு தடவை வாசித்தார். அப்புறம் திரும்பி, பக்கத்தில் நின்ற மாசிலாமணியின் தோளில் கையை வைத்து, "ஏட்டையா, இந்தா கண்டுபிடிச்சிட்டேன்" என்றார்.

ஏட்டையா போட்டோவைப் பார்த்தார், மாசிலாமணியைப் பார்த்தார், மறுபடி போட்டோவைப் பார்த்தார். ஆமாம் என்று கத்திவிட்டார். இசக்கி மைக்கில் ஊருக்கே அறிவித்தான். கொம்பையாவுக்கு மாலை போட்டார்கள். பரிசுப் பணத்தை அவர் தம் கம்பெனியிலேயே தம்மிடமிருந்து பெற்றுக்கொண்டதாக ஒரு ரசீது எழுத, அவர் மாசிலாமணிக்குத் தர வேண்டிய மூன்று லட்சமும் அந்த இடத்திலேயே நேராகிவிட்டது. மாசிலாமணி ஆனந்தக் கண்ணீரோடு கொம்பையாவின் கையைப் பிடித்துக்கொண்டு விட மாட்டேன் என்றார்.

"அண்ணாச்சி, உங்க உதவியை ஏழு ஜென்மத்துக்கும் மறக்க மாட்டேன். ஒண்ணே ஒண்ணு மட்டும் சொல்லுங்க. என்னை எங்க கண்டுபிடிச்சீங்க?"

"இங்கதான். மாவு மில் வாசல்ல."

மாசிலாமணி அய்யாக்கண்ணு பக்கம் திரும்பினார். முகத்தில் கோபம் கோபமாக வந்தது.

"பாத்தீரா வே? ஒரு மாசமா நாம இங்கதான் நிக்கோம், ஒருத்தன் கண்ணுலயாவது நான் பட்டேனா?"